கல்கி என்றொரு புதுச்சேரிப் பெண்

கல்கி என்ற பெயரைக் கேட்டால் என் வயதுக்காரர்களுக்கு வாரப் பத்திரிகை நினைவுக்கு வரும், அல்லது பொன்னியின் செல்வன். என் பேரப்பிள்ளைகளுக்கு ஒரு வெள்ளைக்கார நடிகை நினைவுக்கு வருகிறாள். இந்திப் படங்களில் நடிக்கும் கல்கி கோச்லின்தான் அவர். தமிழ்ப் பத்திரிகைகள் 'கோச்லின்' என்று எழுதுகின்றன. பிரெஞ்சில் அந்தப் பெயரைக் 'கெக்லேன்' என்பதுபோல் உச்சரிப்பார்கள். பிரெஞ்சு மீடியத்தில் படித்தவன் என்பதால் இதைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை, பொறுத்துக்கொள்ளுங்கள்.

சினிமா பற்றி இந்தப் பக்கத்தில் நான் அதிகம் எழுதியதில்லை. இவரைப் பற்றி எழுதக் காரணம், இவருடைய கதைக்குள் எங்கள் புதுச்சேரியின் சரித்திரம் ஒளிந்திருக்கிறது. முன்பெயர் விஷ்ணுவின் பத்தாம் அவதாரம். பின்பெயர் அல்சாஸ் மாகாணத்துத் துணி வியாபாரிகளுடையது. இரண்டும் எப்படி ஒரே பெண்ணிடம் வந்து சேர்ந்தன?

முதலில் அவர் பிறந்த இடம். 1968 பிப்ரவரி 28ஆம் தேதி, புதுச்சேரிக்கு வடக்கே செம்மண் மேட்டில் ஆரோவில் தொடங்கப்பட்டது. 124 நாடுகளிலிருந்து கொண்டுவந்த ஒவ்வொரு பிடி மண்ணை இளைஞர்கள் ஒரு தாழியில் போட்டார்கள். அப்போது அது மரமில்லாத பொட்டல், மழை பெய்தால் செந்நீர் கடல்வரை ஓடும். அங்கே வந்து குடிசை போட்டு, குழி வெட்டி, மரம் நட்டவர்களில் பிரெஞ்சுக்காரர்கள் ஏராளம். ஸ்ரீ அரவிந்தரிடம் ஈடுபாடு கொண்டு பிரான்சிலிருந்து இந்தியாவுக்கு வந்த தம்பதி ஒன்றுக்கு, 1984 ஜனவரி 10 அன்று புதுச்சேரியில் பெண் குழந்தை பிறந்தது. கல்கி என்று பெயர் வைத்தார்கள்.

குழந்தையின் ஆரம்ப வருஷங்கள் ஆரோவில் பக்கம் கழிந்தன. பிறகு குடும்பம் ஊட்டி அருகே ஒரு கிராமத்துக்குப் போனது. தகப்பனார் ஜோயல், காற்றில் மிதக்கும் கிளைடர்களும் சிறு விமானங்களும் வடிவமைப்பவர். வீட்டில் பிரெஞ்சு, பள்ளியில் ஆங்கிலம், வெளியில் விளையாடத் தமிழ் என்று மூன்று மொழிகளோடு பெண் வளர்ந்தாள். ஊட்டியில் உள்ள ஹெப்ரான் பள்ளியில் விடுதியில் தங்கிப் படித்தாள்.

இனிப் பின்பெயருக்கு வருகிறேன். இதற்கு முந்நூறு வருஷம் பின்னால் போக வேண்டும்.

நம் சோழமண்டலக் கரையில் நெய்து, சாயவேரும் படிகாரமும் சேர்த்து வண்ணம் எழுதிய பருத்தித் துணிகளுக்கு 17ஆம் நூற்றாண்டில் பிரான்சு பைத்தியமாக அலைந்தது. அவற்றுக்கு அவர்கள் வைத்த பெயரே 'அந்தியேன்', அதாவது 'இந்தியத் துணி'. எத்தனை முறை துவைத்தாலும் சாயம் போகாது. உள்ளூர் பட்டு, கம்பளிக்காரர்கள் பிழைப்புப் போயிற்று என்று கூக்குரலிட்டார்கள். 1686இல் பிரெஞ்சு அரசு இந்தத் துணிகளின் இறக்குமதியையும் உள்நாட்டில் அதுபோல் அச்சடிப்பதையும் தடை செய்தது. தடை 1759 வரை நீடித்தது.

ஆனால் மூலூஸ் என்ற சிறு நகரம் அப்போது பிரான்சுக்குள் இல்லை. சுவிஸ் நாட்டாரோடு கூட்டு வைத்திருந்த தனிக் குடியரசு அது. 1798இல்தான் பிரான்சோடு இணைந்தது. பிரெஞ்சு ராஜாவின் தடை அங்கே செல்லாது. 1746இல் சாமுவேல் கெக்லேனும் அவருடைய கூட்டாளிகளும் அந்த ஊரில் இந்திய மாதிரித் துணி அச்சடிக்கும் முதல் பட்டறையைத் தொடங்கினார்கள். இதற்கு நான்கு வருஷம் முன்னால்தான், 1742இல், கர்தூ என்ற யேசுசபைப் பாதிரியார் சோழமண்டலக் கரையிலிருந்து ஒரு நீண்ட கடிதம் எழுதியிருந்தார். நம் சாயக்காரர்கள் துணியை எப்படிக் கடுக்காயிலும் பாலிலும் ஊறவைக்கிறார்கள், சிவப்பு எப்படி ஏறுகிறது என்று படிப்படியாக விவரிக்கும் கடிதம். அதை மூலூஸ்காரர்கள் படித்தார்களோ இல்லையோ, நம் கைத்தொழிலின் ரகசியம் ஐரோப்பாவில் அச்சேறிவிட்டது.

துணியில் சம்பாதித்த குடும்பம் இரும்புக்குப் போனது. 1826இல் ஆந்த்ரே கெக்லேன் மூலூஸில் இயந்திரத் தொழிற்சாலை தொடங்கினார். ரயில் எஞ்சினும் செய்தார். அந்தத் தொழிற்சாலையின் வாரிசு நிறுவனமும் இன்னொரு நிறுவனமும் 1928இல் கூடிப் பிறந்ததுதான் அல்ஸ்தோம். பெயரின் முதல் பாதி அல்சாஸைக் குறிக்கிறது. சென்னை மெட்ரோவில் நாம் ஏறி உட்காரும் பெட்டிகள் பல அவர்கள் செய்தவை.

அதே குடும்பத்தில் 1856இல் பிறந்தவர் மொரீஸ் கெக்லேன். அவருக்குப் பதினைந்து வயதாகும்போது அல்சாஸ் ஜெர்மனி வசம் போய்விட்டது. சூரிச்சில் பொறியியல் படித்துவிட்டு, 1879இல் ஐஃபெல் கம்பெனியில் சேர்ந்தார். 1884 ஜூன் 6ஆம் தேதி முந்நூறு மீட்டர் உயர இரும்புக் கோபுரம் ஒன்றை முதன்முதலாகக் காகிதத்தில் வரைந்தவர் இவர்தான். கூட இருந்தவர் நூகியே என்ற இன்னொரு பொறியாளர். உரிமையை ஐஃபெல் அவர்களிடமிருந்து வாங்கிக்கொண்டார், கோபுரத்துக்கு அவர் பெயர் நிலைத்தது. நம் நடிகை இந்த மொரீஸின் வழிவந்தவர்.

ஆக, நம் கரையின் துணியைப் பார்த்துச் செய்து உயர்ந்த ஒரு குடும்பத்தின் கிளை, இரண்டு நூற்றாண்டுக்கு மேல் கழித்து அதே கரைக்கு வந்து, பிறந்த பெண்ணுக்கு நம் அவதாரத்தின் பெயரைச் சூட்டியது. யாரும் திட்டமிட்டு நடந்ததல்ல. சரித்திரத்தில் இப்படிச் சில சமயம் வட்டம் கூடிவிடுகிறது.

புதுச்சேரிக்காரர்களுக்கு இதன் மறுபக்கம் நன்றாகத் தெரியும். 1954 நவம்பர் 1 அன்று நிர்வாகம் இந்தியாவின் கைக்கு வந்தது. ஒப்பந்தம் சட்டப்படி நடைமுறைக்கு வந்தது 1962 ஆகஸ்ட் 16 அன்று. அதுவரை பிரெஞ்சுக் குடிகளாக இருந்தவர்களுக்கு ஆறு மாத அவகாசம் தரப்பட்டது. எழுதிக் கொடுத்தால் பிரெஞ்சுக் குடியுரிமை நீடிக்கும், இல்லாவிட்டால் இந்தியர். ஒரே வீட்டில் அண்ணன் பிரெஞ்சுக்காரன், தம்பி இந்தியன் என்று ஆன குடும்பங்கள் எங்கள் தெருவிலேயே உண்டு. பிரெஞ்சு ராணுவத்தில் இருந்து ஓய்வு பெற்று வந்தவர்களைச் 'சொல்தா' என்போம். வேட்டி கட்டி, மீன் மார்க்கெட்டில் பேரம் பேசி, ஓய்வூதியம் பிரான்சிலிருந்து வாங்குவார்கள். முகம் தமிழ், பாஸ்போர்ட் பிரெஞ்சு.

நாங்கள் படித்த பள்ளியிலும் இதே கதைதான். செயின், லுவார், கரோன், ரோன் என்று பிரான்சின் ஆறுகளை வரிசை தப்பாமல் ஒப்பிப்போம். பக்கத்தில் ஓடும் செஞ்சியாறு எந்த மலையில் பிறக்கிறது என்று யாரும் சொல்லித்தரவில்லை. தமிழ் முகத்தோடு பிரெஞ்சுப் பாடம் படித்த எங்களை யாரும் விநோதமாகப் பார்த்ததில்லை. பிரெஞ்சு முகத்தோடு தமிழ் பேசும் பெண்ணை மட்டும் எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள்.

அந்தப் பெண் நடிகையானது எளிதில் நடக்கவில்லை. பதினெட்டு வயதில் லண்டன் போய் கோல்ட்ஸ்மித்ஸ் கல்லூரியில் நாடகம் படித்தார். ஒரு நாடகக் குழுவில் நடித்தபடி, வார இறுதிகளில் உணவகத்தில் பரிமாறும் வேலை பார்த்தார். படிப்பு முடிந்ததும் இந்தியாவுக்கே திரும்பினார். இந்தச் செய்தி எனக்கு முக்கியமாகப் பட்டது. வெள்ளைத் தோலும் லண்டன் படிப்பும் உள்ள ஒரு பெண்ணுக்கு வேலை தேட ஐரோப்பா முழுவதும் இருந்தது. அவர் வீடு என்று நினைத்தது இந்த நாட்டை.

மும்பையில் அனுராக் காஷ்யப் 'தேவ் டி' படத்துக்கு ஆள் தேடிக்கொண்டிருந்தார். சரத்சந்திரரின் தேவதாஸை இந்தக் காலத்து டெல்லிக்குக் கொண்டுவந்த படம். நம் தலைமுறைக்கு தேவதாஸ் என்றால் நாகேஸ்வர ராவ், சந்திரமுகி என்றால் லலிதா. அந்தச் சந்திரமுகி வேஷம் கல்கிக்குக் கிடைத்தது. இந்தி அவருக்குச் சரளமாக வராது, வேஷத்துக்காகப் பழகிக்கொண்டார். 2009 பிப்ரவரியில் படம் வந்தது. சிறந்த துணை நடிகைக்கான ஃபிலிம்ஃபேர் விருதும் வந்தது.

ஆனால் அவருடைய முகத்துக்குக் கதை எழுதுபவர்கள் குறைவு. வெள்ளைக்காரி என்றால் இந்திப் படத்தில் சுற்றுலாப் பயணி, இல்லாவிட்டால் கவர்ச்சி ஆட்டம். அதனால் அவரே பேனாவை எடுத்தார். பிரசாந்த் பிரகாஷ் என்பவருடன் சேர்ந்து எழுதிய 'தி ஸ்கெலிடன் வுமன்' என்ற நாடகத்துக்கு, நம் சென்னை இந்து பத்திரிகை நடத்திய மெட்ரோ பிளஸ் நாடக ஆசிரியர் விருது 2009இல் கிடைத்தது. 'தட் கேர்ள் இன் யெல்லோ பூட்ஸ்' படத்தின் திரைக்கதையில் காஷ்யப்புடன் பங்கெடுத்தார். தகப்பனைத் தேடி மும்பை வரும் ஒரு கலப்புப் பெண்ணின் கதை அது. 2014இல் வந்த 'மார்கரிட்டா வித் எ ஸ்ட்ரா' படத்தில், மூளை முடக்குவாதம் உள்ள லைலா என்ற டெல்லி மாணவியாக நடித்தார். தாயாக நடித்தவர் நம் ரேவதி. அந்த வேஷத்துக்குத் தேசிய விருதுகளில் நடுவர் குழுவின் சிறப்பு விருது பெற்றார். ரேவதியின் மகள் என்று சொன்னால் பார்ப்பவர்கள் நம்பினார்கள். முகத்தை மீறி நடிப்பு நின்றது.

இதில் தமிழ் சினிமா எங்கே? நமது சினிமா அந்நியரை ஒதுக்கியது என்று சொன்னால் பாவம். தமிழ் தெரியாத அமெரிக்கர் எல்லிஸ் டங்கன் 1936இல் 'சதி லீலாவதி' எடுத்தார். எம்.ஜி.ஆருக்கு அதுதான் முதல் படம். எம்.எஸ். நடித்த 'சகுந்தலை', 'மீரா' இரண்டையும் இயக்கியவரும் அவர்தான். 2010இல் 'மதராசபட்டினம்' படத்துக்காக லிவர்பூலில் வளர்ந்த எமி ஜாக்சனைக் கூட்டிவந்தோம். பிற மாநிலங்களிலிருந்து வந்த கதாநாயகிகளுக்கு இரவல் குரல் கொடுத்துக் கொண்டாடினோம். ஆனால் புதுச்சேரியில் பிறந்து தமிழ் பேசி வளர்ந்த நடிகைக்கு, முதல் இந்திப் படம் வந்து பத்து வருஷம் கழித்து, 2019இல் 'நேர்கொண்ட பார்வை'யில் ஒரு பாட்டு கிடைத்தது. அடுத்த வருஷம் 'பாவக் கதைகள்' தொகுப்பில் விக்னேஷ் சிவன் இயக்கிய பகுதியில் வேஷம் கிடைத்தது. அதிலும் பாத்திரத்தின் பெயர் பெனலோப். சொந்தக்குரலில் தமிழ் பேசக்கூடியவருக்கு ஒரு வள்ளியோ செல்வியோ எழுத நம் ஆட்களுக்குத் தோன்றவில்லை.

இதே நாம், வெளிநாட்டில் தமிழ்ப் பெயர் திரையில் வந்தால் நெஞ்சு நிமிர்த்துகிறோம். ஆஸ்திரேலியாவில் நியூகாசில் என்ற ஊரில் 1995இல் பிறந்த ஜெரால்டின் விஸ்வநாதனுக்கு அப்பா தமிழர், அம்மா சுவிட்சர்லாந்துக்காரர். 'பிளாக்கர்ஸ்' முதல் 'தண்டர்போல்ட்ஸ்' வரை ஹாலிவுட் படங்களில் வருகிறார். பெரும்பாலும் ஆஸ்திரேலியப் பெண்ணாகவோ அமெரிக்கப் பெண்ணாகவோதான். கனடாவில் பிறந்த ஈழத்தமிழர் மகள் மைத்ரேயி ராமகிருஷ்ணன் 2020இல் 'நெவர் ஹேவ் ஐ எவர்' தொடரில் தமிழ்க் குடும்பத்துப் பெண்ணாகவே வந்தார். இவர்களை 'நம்ம பொண்ணு' என்கிறோம். சந்தோஷம்தான். ஆனால் அந்த நாடுகள் அவர்களைத் தங்கள் பெண்ணாக ஏற்று வேஷம் கொடுத்ததால்தானே நாம் பெருமைப்பட முடிகிறது? அந்த மரியாதையை நாம் இங்கே பிறந்த கல்கிக்குத் தந்தோமா?

இதை வல்லம் வடகாலில் உட்கார்ந்து எழுதுகிறேன். மகன் வேலை நிமித்தமாக இங்கே வீடு எடுத்ததால் நானும் வந்துவிட்டேன். ஸ்ரீபெரும்புதூரில் கண்ணாடி செய்யும் செயிண்ட் கோபெய்ன், 1665இல் பதினான்காம் லூயியின் மந்திரி கோல்பேர் தொடங்கிவைத்தது. புதுச்சேரிக்கு வந்த பிரெஞ்சுக் கிழக்கிந்தியக் கம்பெனியை அதற்கு முந்தின வருஷம் தொடங்கியவரும் அதே கோல்பேர்தான். ஒரகடத்தில் கார் ஆலைகள், இருங்காட்டுக்கோட்டையில் கொரியர்கள். எங்கள் ஊர் சிப்காட்டில் 18,720 பேர் தங்கும் தொழிலாளர் குடியிருப்பு 2024இல் திறக்கப்பட்டது. ஒடிசா, பீகார், அசாம் என்று பல ஊர்க் குடும்பங்கள் சுற்றிலும் வாடகைக்கு இருக்கின்றன.

சாயங்காலம் தெருவில் விளையாடும் அந்தக் குடும்பங்களின் பிள்ளைகளைக் கவனிக்கிறேன். வீட்டுக்குள்ளிருந்து அம்மா ஒடியாவில் கூப்பிடுகிறாள், பிள்ளை இந்தியில் பதில் சொல்லிவிட்டு, கூட்டாளியிடம் 'டேய், அவுட்டுடா' என்று சுத்தமான காஞ்சிபுரம் மாவட்டத் தமிழில் சண்டை போடுகிறது. பெரியவர்கள் அவர்களை 'இந்திக்காரப் பசங்க' என்கிறார்கள். இன்னும் இருபது வருஷத்தில் இவர்களில் ஒருத்தி கேமரா முன்னால் நிற்கலாம், ஒருவன் கோபுரம் வரையலாம். எந்த ஊர் என்று கேட்டால் அவர்கள் வல்லம் வடகால் என்றுதான் சொல்வார்கள். அப்போது 'அது சரி, சொந்த ஊர் எது?' என்று நாம் மறுபடியும் கேட்காமல் இருக்கவேண்டும்.