அச்சாரத்தின் வரலாறு

நிலத்தை விலை பேசும் நாள் ஒன்று. பத்திரம் எழுதி முடிக்கும் நாள் மற்றொன்று. இவ்விரு நாட்களுக்கும் இடையில் மனம் மாறலாம், விலை ஏறலாம், பணம் கிடைக்காமற் போகலாம். அந்த இடைக்காலத்தில் வாக்கைக் காப்பதற்கு மனிதன் கண்ட கருவியே அச்சாரம். பேச்சு முறிந்துபோனால் அந்த அச்சாரம் யாரைச் சேரும்? இவ்வினாவுக்குப் பல காலத்தவர் கூறிய விடைகளை இன்று உங்களுடன் எண்ணிப் பார்க்க விரும்புகிறேன்.

சென்னையிலிருந்து தெற்கு நோக்கிச் செல்லும் பெருஞ்சாலையில், தாம்பரத்துக்கும் செங்கற்பட்டுக்கும் இடையே கூடுவாஞ்சேரி இருக்கிறது. ஏரி நீரை நம்பி நெல் விளைந்த அவ்வட்டாரத்து நிலங்கள் பல, இன்று வீட்டு மனைகளாகிவிட்டன. 2023ஆம் ஆண்டின் இறுதியில் அருகிலுள்ள கிளாம்பாக்கத்தில் பெரிய பேருந்து நிலையமும் திறக்கப்பெற்றது. நிலத்தின் விலை விரைந்து ஏறும் இடத்தில், பேசிய விலைக்குக் கொடுக்க விற்பவருக்கு மனம் வருவதில்லை. வாங்குபவருக்கோ வங்கிக் கடன் கைகூடாமற் போகிறது. இரு திறத்திலும் ஒப்பந்தம் முறிகின்றது. ஒரு குடும்பம் பத்தாண்டுகள் சிறுகச் சிறுகச் சேர்த்த பொருள் பிறர் கையில் சிக்கி நிற்கின்றது.

முறிந்த பேச்சுக்கு முன்னோர் கண்ட தீர்ப்பு வியப்புக்குரியது. வடமொழி நூலாகிய யாக்ஞவல்கிய ஸ்மிருதி, அச்சாரத்தைச் ‘சத்தியங்காரம்’ என்று குறிக்கிறது. அதாவது, வாய்மையை உறுதி செய்வது. அதனைப் பெற்றவன் வாக்குத் தவறினால் இருமடங்காகத் திருப்பித் தர வேண்டும் என்பது அந்நூலின் விதி. கடல்கடந்த உரோம நாட்டிலும் இதே கருத்து நிலவியது. கி.பி. 533இல் ஜஸ்டீனியன் பேரரசர் வெளியிட்ட சட்ட நூல், வாங்குபவன் பின்வாங்கினால் அச்சாரத்தை இழப்பான், விற்பவன் பின்வாங்கினால் இருமடங்கு தருவான் என்று விதித்தது. 1804ஆம் ஆண்டின் பிரெஞ்சுச் சட்டத் தொகுப்பும் அந்நெறியையே ஏற்றது. வாக்குத் தவறுதல் இரு திறத்தாருக்கும் ஒரே அளவில் சுட வேண்டும் என்பதே இதன் கருத்து.

நம் தமிழ்நாட்டுக் கல்வெட்டுகளில் நில விற்பனைகள் மிகப் பல காணப்படுகின்றன. ‘விலையாவணம்’ என்ற சொல் அவற்றில் வரும். விலைப் பொருள் முழுவதும் கைப்பற்றப்பட்டது என்பதை ஐயமற எழுதிவைப்பது அக்கால மரபு. பணம் கைமாறியதற்கு எழுத்துச் சான்று வேண்டும் என்ற அறிவு நமக்குப் புதியதன்று.

எழுத்தின் வலிமையைச் சேக்கிழாரை விட அழகாக உணர்த்தியவர் இலர். செங்கற்பட்டு வட்டாரத்தை உள்ளடக்கிய தொண்டை நாட்டின் குன்றத்தூரில் பிறந்தவர் அவர். பெரியபுராணத்தில், சுந்தரர் திருமணத்தின்போது முதியவர் ஒருவர் வந்து அடிமை ஓலை காட்டுகிறார். சினங்கொண்ட சுந்தரர் அதைப் பறித்துக் கிழித்தெறிகிறார். வழக்கு முடிந்ததா? இல்லை. திருவெண்ணெய்நல்லூர் அவையில் மூல ஓலை வெளிவருகிறது. தீர்ப்பும் அதன்படியே அமைகிறது. ஆவணத்தைக் கிழிப்பது வேறு, அதனை ரத்துச் செய்வது வேறு என்ற நுட்பத்தை மாணவர்கள் இக்கதையிலிருந்தே கற்றுக்கொள்ளலாம்.

ஆங்கிலேயர் ஆட்சியில் சட்டம் வேறு வழியில் சென்றது. 1872ஆம் ஆண்டின் இந்திய ஒப்பந்தச் சட்டம் இருமடங்கு விதியை மேற்கொள்ளவில்லை. ஒப்பந்தத்தை நீக்குபவர், தாம் பெற்ற பயனைத் திருப்பித் தர வேண்டும் என்றது. ஒப்பந்தம் மீறப்பட்டால் நியாயமான ஈடு மட்டுமே கிடைக்கும் என்றது. 1882ஆம் ஆண்டின் சொத்து மாற்றுச் சட்டம், விற்பனை ஒப்பந்தத்தால் மட்டும் நிலத்தில் உரிமை பிறப்பதில்லை என்று தெளிவுபடுத்தியது. ஆயினும் முன்பணம் தந்தவரை அது கைவிடவில்லை. அவர் முறையின்றி மறுக்காதவரை, தந்த பணத்துக்கு அந்த நிலமே பொறுப்பு என்று கூறியது.

பிழை வாங்குபவருடையதாயின் என்ன நிகழும்? 1926இல் இலண்டன் பிரிவி கவுன்சில், வாங்குபவரின் தவற்றால் பேரம் முறிந்தால் அச்சாரம் பறிபோகும் என்று தீர்ப்பளித்தது. அந்தக் கடுமைக்கு எல்லை வகுத்தது நம் உச்ச நீதிமன்றம். 1949இல் டில்லியில் ஒரு சொத்து 1,12,500 ரூபாய்க்குப் பேசப்பட்டது. அச்சாரமாக 1,000 ரூபாயும், பின்னர் 24,000 ரூபாயும் கொடுக்கப்பட்டன. விற்பனை முறிந்ததும் விற்பவர் 25,000 ரூபாயையும் தமதாக்கிக்கொள்ள விரும்பினார். பதே சந்த் வழக்கு என்று பெயர் பெற்ற அதில், 1963இல் உச்ச நீதிமன்றம் அச்சாரமான 1,000 ரூபாயை அவர் வைத்துக்கொள்ளலாம் என்றது. இழப்பு நேர்ந்ததாக மெய்ப்பிக்காத நிலையில் 24,000 ரூபாயைத் தண்டமாகப் பறிக்க இயலாது என்றும் தீர்ப்புரைத்தது. விலையின் ஒரு பகுதியாகத் தந்த பணம் வேறு, உறுதிக்காகத் தந்த அச்சாரம் வேறு என்ற பாகுபாடு இதனால் நிலைபெற்றது.

அதே 1963இல் இயற்றப்பட்ட குறித்தவகைத் தீர்வழிச் சட்டம் இன்னொரு வழியைத் திறந்தது. பத்திரம் எழுதித் தருமாறு வழக்கிடுபவர், அது கிடைக்காவிடில் முன்பணத்தைத் திருப்பித் தருமாறும் அதே வழக்கில் கேட்கலாம். ஆனால் வாய்திறந்து கேட்க வேண்டும். கேளாததை நீதிமன்றம் தானே வழங்காது. காலவரையறையும் உண்டு. பத்திரம் எழுதித் தருமாறு கேட்கும் வழக்குக்கு அது மூன்றாண்டு. உறவினர், ஊரார் என்று தயங்கியே அக்காலத்தைக் கழித்தவர்கள் பலர்.

2012ஆம் ஆண்டின் தமிழ்நாட்டுத் திருத்தம் விற்பனை ஒப்பந்தங்களைப் பதிவு செய்வதைக் கட்டாயமாக்கியது. இதன் பயன் பெரிது. பதிவான ஒப்பந்தம் வில்லங்கச் சான்றில் தோன்றும். மறைத்து வேறொருவருக்கு விற்பது அரிதாகும். அதே காரணத்தால், இருவரும் மனமொத்துப் பிரியும்போது வீட்டில் அமர்ந்து தாளைக் கிழித்துவிட்டால் போதாது. இருவரும் கையொப்பமிட்டு ரத்து ஆவணம் எழுதி, அதையும் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிய வேண்டும். திரும்பப் பெற்ற தொகையும் நாளும் அதில் இடம்பெற வேண்டும். சுந்தரர் கதை நமக்கு இன்றும் பயன்படுகின்றது அன்றோ!

மாணவர்களே, உங்கள் பெற்றோர் நாளை ஒரு மனைக்கு முன்பணம் கொடுக்க நேரலாம். ஒப்பந்தத்தை நீங்களே ஒருமுறை உரக்கப் படித்துக் காட்டுங்கள். எது அச்சாரம், எது விலையின் பகுதி, கெடு எந்த நாள், முறிந்தால் எத்தனை நாளில் பணம் திரும்ப வேண்டும் என்ற நான்கும் அதில் தெளிவாக உள்ளனவா என்று பாருங்கள். இல்லையெனில் பணம் எண்ணும் முன்னரே எழுதச் சொல்லுங்கள். நல்லுறவு இருக்கும் நாளில் எழுதுவதே, அது குலையும் நாளில் காக்கும்.