‘எர்கோஸ்பைரோமெட்ரி’: ஒரு மருத்துவச் சொல்லின் பொருளும் தமிழாக்கமும் – கொங்குப் பஞ்சாலைத் தொழிலை முன்வைத்து

ஆய்வுச் சுருக்கம்

உடல் உழைக்கும்போது மூச்சை அளக்கும் சோதனையை மேலை மருத்துவம் ‘எர்கோஸ்பைரோமெட்ரி’ என்கிறது. இச்சொல்லின் முதற்பகுதி உழைப்பைக் குறிக்கிறது. தமிழாக்கங்களிலோ அவ்விடத்தில் பெரும்பாலும் ‘பயிற்சி’ என்ற சொல் அமைந்துவிட்டது. இம்மாற்றம் எவ்வாறு நேர்ந்தது, பஞ்சாலைத் தொழிலாளர் மிகுந்த கொங்கு வட்டாரத்தில் அது என்ன விளைவை உண்டாக்குகிறது என்பனவற்றைச் சொல் வரலாறு, கலைச்சொல்லாக்க வரலாறு, தொழில்நோய்ச் சட்டம் ஆகியவற்றின் துணைகொண்டு இக்கட்டுரை ஆராய்கிறது.

திறவுச்சொற்கள்: எர்கோஸ்பைரோமெட்ரி, மூச்சளவை, கலைச்சொல்லாக்கம், பஞ்சாலை, பிசினோசிஸ், கொங்கு நாடு.

முன்னுரை

கோயம்புத்தூரிலிருந்து அவிநாசி நோக்கிச் செல்லும் நெடுஞ்சாலையில் கருமத்தம்பட்டி அமைந்துள்ளது. அதனை அடுத்த சோமனூர் வட்டாரம் விசைத்தறிக்குப் பெயர்பெற்றது. நூற்பாலைகளும், கழிவுப் பஞ்சிலிருந்து நூலெடுக்கும் ஆலைகளும் இப்பகுதியில் உண்டு. மூச்சுத் தொல்லையைச் சொல்ல இங்குள்ள மக்களிடம் சொற்களுக்குப் பஞ்சமில்லை. ‘இளப்பு’, ‘மூச்சு முட்டுது’, ‘மேமூச்சு வாங்குது’ என்பன அவற்றுட் சில. இவை பெரும்பாலும் ஒரு வேலையோடு இணைத்தே சொல்லப்படுகின்றன. பொதி தூக்கினால் இளைக்கிறது, படியேறினால் முட்டுகிறது, உட்கார்ந்திருந்தால் ஒன்றுமில்லை.

இத்தகையோர்க்கு மருத்துவமனையில் முதலில் நிகழ்வது ஊதிப் பார்க்கும் சோதனை, அதாவது ஸ்பைரோமெட்ரி. அது உட்கார்ந்த நிலையில் செய்யப்படுவது. உழைக்கையில் மட்டும் தோன்றும் இளைப்புக்கு அது முழு விடை தருவதில்லை. அதற்கென அமைந்த மற்றொரு சோதனையின் பெயரே இங்கு ஆய்வுக்குரியது.

சொல்லின் அமைப்பும் பிறப்பும்

‘எர்கோஸ்பைரோமெட்ரி’ மூன்று உறுப்புகளால் ஆனது. ‘எர்கோன்’ என்பது வேலை அல்லது உழைப்பைக் குறிக்கும் கிரேக்கச் சொல். ‘ஸ்பிராரே’ என்பது மூச்சுவிடுதலைக் குறிக்கும் இலத்தீன் வினை. ‘மெட்ரோன்’ அளவையைச் சுட்டும் கிரேக்கச் சொல். தனித்தமிழ் ஆக்கங்களைக் கலப்பற்றவையாக அமைக்க வேண்டுமென வாதிடுவோர், மேலை அறிவியற் சொற்களே இருமொழிக் கலப்பில் பிறந்தவை என்பதை ஏனோ அதிகம் பேசுவதில்லை.

இவற்றுள் பிற்பகுதிக்கு வயது அதிகம். 1846ஆம் ஆண்டில் ஜான் ஹட்சின்சன் என்ற ஆங்கிலேய மருத்துவர் நீரில் மிதக்கும் கலத்தைக் கொண்டு மூச்சை அளக்கும் கருவியொன்றை விளக்கி, அதனை ‘ஸ்பைரோமீட்டர்’ என அழைத்தார். ஆழ உள்ளிழுத்தபின் முழுதும் வெளியேற்றத்தக்க காற்றின் அளவுக்கு அவர் இட்ட பெயர் ‘வைட்டல் கெப்பாசிட்டி’. தமிழில் ‘உயிர்ப்புக் கொள்ளளவு’ எனலாம். 2,000க்கும் மேற்பட்டோரை அவர் அளந்தார். மாலுமிகள், காவலர்கள், அச்சுத்தொழிலாளர்கள், மற்போர் வீரர்கள், வறியோர், கனவான்கள் எனத் தொழிலும் நிலையும் சார்ந்தே அவர்களை வகைப்படுத்தினார். ஆயுள் காப்பீட்டு நிறுவனங்களுக்கு இக்கருவி பயன்படும் என்ற எதிர்பார்ப்பும் அவருக்கிருந்தது. எனவே ஒருவரது மூச்சின் அளவு தொடக்கத்திலேயே அவரது தொழிலோடும் பண மதிப்போடும் பிணைந்துவிட்டது. ஆயினும் அளக்கப்பட்டவர் அசையாமல் நின்றார். மாலுமியின் மூச்சு அளக்கப்பட்டது. பாய்மரம் ஏறும் மாலுமியின் மூச்சு அன்று.

அசையும் உடலின் மூச்சை அளக்க மேலும் பல பத்தாண்டுகள் தேவைப்பட்டன. 1911இல் டக்ளஸ் என்பவர் வெளிமூச்சைச் சேர்க்கும் பையொன்றை அறிமுகப்படுத்தினார். 1923இல் ஏ. வி. ஹில், லப்டன் ஆகியோர், ஓட்டத்தின் வேகம் கூடினாலும் உயிர்வளி ஏற்பு ஓரெல்லைக்குமேல் உயராது என்ற கருத்தை முன்வைத்தனர். 1929ஐ ஒட்டிய ஆண்டுகளில் ஜெர்மனியில் க்னிப்பிங், பிரவுவர் ஆகியோர் உழைப்பையும் மூச்சையும் ஒருங்கே அளக்கும் முறையை வளர்த்தனர். ‘ஸ்பைரோஎர்கோமெட்ரி’, ‘எர்கோஸ்பைரோமெட்ரி’ என்னும் இரு வடிவங்களும் அம்மரபில் வேரூன்றியவை. ஆங்கில மருத்துவ உலகில் ‘கார்டியோபல்மனரி எக்சர்சைஸ் டெஸ்ட்’ என்னும் நீண்ட பெயர் நிலைத்தது. ஆங்கிலத்தில் ‘எக்சர்சைஸ்’ என மாறியபோதே ‘உழைப்பு’ மங்கத் தொடங்கிவிட்டது. தமிழ் பின்பற்றியது ஆங்கிலப் பெயரையே.

இன்றைய சோதனையில் முகமூடி அணிந்தவர் மிதிவண்டி போன்ற எர்கோமீட்டரிலோ டிரெட்மில்லிலோ இயங்குவார். சுமை சிறுகச் சிறுகக் கூட்டப்படும். சுமை கூடும் பகுதி 8 முதல் 12 நிமிடங்களில் முடியுமாறு திட்டமிடப்படும். ஒவ்வொரு மூச்சிலும் ஏற்ற உயிர்வளியும் விட்ட கரிவளியும் கணக்கிடப்படும். இளைப்புக்குக் காரணம் நுரையீரலா, இதயமா, பயன்படாத தசையா என்பதைப் பிரித்தறிவதே இதன் தனிச்சிறப்பு.

மரபு நூல்களில் உழைப்பும் மூச்சும்

உழைக்கும் மூச்சைக் கணித்துப் பார்க்கும் எண்ணம் இந்திய மரபுக்குப் புதிதன்று. திருமூலர் மூச்சை மாத்திரையால் கணக்கிடுகிறார். உள்ளிழுத்தல் 16, நிறுத்தல் 64, வெளிவிடுதல் 32 என்பது அவர் காட்டும் அளவு. நாளொன்றுக்கு 21,600 மூச்சு என்பது யோக, சித்த மரபுகளில் பரவலாக வழங்கும் எண். நிமிடத்திற்கு 15 என்று அது வகுபடும். வடமொழி யோக நூலான கெரண்ட சம்ஹிதை வெளிமூச்சின் நீளத்தை அங்குலத்தால் அளக்கிறது. இயல்பில் 12, பாடுகையில் 16, உண்ணுகையில் 20, நடக்கையில் 24, உறக்கத்தில் 30, கலவியில் 36. வியாயாமத்தில் அதனினும் மிகுதி.

சுசுருத சம்ஹிதை கூறும் செய்தி இப்பொருளுக்கு இன்னும் நெருக்கமானது. உடலுக்கு ஆயாசம் உண்டாக்கும் செயலே வியாயாமம் என்று அது வரையறுக்கிறது. தன் வலிமையில் பாதியளவே ஒருவர் அதனைச் செய்ய வேண்டும் என்றும், நெஞ்சில் தங்கும் வாயு வாய்க்கு வருவது அந்தப் பாதியின் அடையாளம் என்றும் குறிப்பிடுகிறது. வாயால் மூச்சு வாங்கத் தொடங்கும் கணத்தை உடல் எல்லையின் குறியாகக் கொண்ட நுட்பம் இது. உழைப்பு ஏற ஏற மூச்சு திடீரெனப் பெருகும் ஒரு புள்ளியை 1964இல் வாசர்மன், மெக்கில்ராய் ஆகியோர் ‘அனரோபிக் த்ரெஷோல்ட்’ எனப் பெயரிட்டு ஆராய்ந்தனர். இரண்டையும் ஒன்றெனக் கொள்வது வரலாறாகாது. முன்னது நோக்கி அறிந்த குறி. பின்னது வளிமங்களை அளந்து பெற்ற எண். ஆனால் ‘வியாயாமம்’ என்ற சொல்லுக்குள் ஆயாசம், அதாவது தளர்ச்சி, உள்ளடங்கியிருப்பது கருதத்தக்கது.

‘பயிற்சி’ நுழைந்த வழி

அறிவியலைத் தமிழில் சொல்லும் முயற்சியில் ஈழத்து மானிப்பாயில் பணியாற்றிய மருத்துவர் சாமுவேல் பிஸ்க் கிறீன் முன்னோடி. அவர் மருத்துவத்தைத் தமிழிலேயே கற்பித்தார். உடலியங்கியலுக்குச் ‘சுகரணம்’ என்ற சொல்லை ஆண்டார். கொங்கு நாட்டின் பங்கும் இவ்வரலாற்றில் சிறிதன்று. 1916இல் சேலத்தில் இராஜகோபாலாச்சாரியார் முதலியோர் தமிழ் சாஸ்திரீய பரிபாஷைச் சங்கத்தை நிறுவினர். 1940களின் இறுதியில் கோவையிலிருந்து ஜி. ஆர். தாமோதரன் ‘கலைக்கதிர்’ அறிவியல் இதழைத் தொடங்கினார். தி. சு. அவினாசிலிங்கம் தலைமையேற்ற தமிழ் வளர்ச்சிக் கழகம் வெளியிட்ட கலைக்களஞ்சியத்தின் முதன்மை ஆசிரியர் பெ. தூரன், மூவருமே கொங்கு மண்ணினர். பிற்காலத்தில் மணவை முஸ்தபா போன்றோர் மருத்துவக் கலைச்சொற்களைத் திரட்டித் தந்தனர்.

இம்முயற்சிகளைச் சூழ்ந்த விவாதங்கள் பெரும்பாலும் ஒரு வினாவையே சுற்றின: சொல் வடமொழியா, தமிழா, ஆங்கில ஒலிபெயர்ப்பா? அதற்கான காரணம் அக்காலத்தில் வலுவாகவே இருந்தது. ஆனால் மொழி மாறியபோது கருத்து மாறாமல் வந்ததா என்ற வினா பின்தங்கியது. ‘உடற்பயிற்சி’ அதற்கொரு சான்று. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பள்ளிகளில் வழங்கியது ‘தேகாப்பியாசம்’. உருது வழிவந்த ‘கசரத்து’ம் மக்கள் நாவில் இருந்தது. தேகாப்பியாசத்தைத் தமிழ்ப்படுத்தியபோது தேகம் உடலாயிற்று, அப்பியாசம் பயிற்சியாயிற்று. அப்பியாசம் என்பது திரும்பத் திரும்பச் செய்து பழகுதல். ‘பயில்’ என்னும் வேரும் அப்பொருளதே. பள்ளி மைதானத்துக்கு அது பொருந்தும். சோதனைக் கூடத்தில் யாரும் எதையும் பழகுவதில்லை; ஒரே ஒருமுறை, தாங்கும் எல்லைவரை உடலை வருத்திப் பார்க்கின்றனர்.

மேலும் ஒரு சிக்கல் உண்டு. ‘மூச்சுப் பயிற்சி’ என்றால் தமிழில் பிராணாயாமமே நினைவுக்கு வரும். ஆகவே ‘மூச்சுப் பயிற்சிச் சோதனை’ என்று ஒரு தாளில் அச்சிட்டால், மூச்சை அடக்கக் கற்றுத்தருவார்கள் என்றே படிப்பவர் எண்ணக்கூடும். ‘உடற்பயிற்சிச் சோதனை’ என்றாலோ உடற்பயிற்சிக் கூடத்துக்குச் செல்வோர்க்கு உரியது என்ற எண்ணம் எழும். பன்னிரண்டு மணிநேரம் தறிக்குடோனில் நின்றவர், ‘நமக்கெதுக்கு உடற்பயிற்சி’ என்று கேட்டால் அதில் பிழை காண முடியாது.

தமிழில் ‘உழைப்பு’ என்னும் சொல் ‘எர்கோன்’ என்பதற்கு நேர் நிற்பது. ‘உழத்தல்’ என்பதற்கு முயலுதலோடு வருந்துதல் என்ற பொருளும் உண்டு; வியாயாமத்துள் இருந்த ஆயாசமும் அதில் அடங்குகிறது. மூச்சை அளத்தலுக்கு ‘மூச்சளவை’ எளிய சொல். ‘உழைப்பு மூச்சளவை’ என்ற தொடர் மூல உறுப்புகள் மூன்றையும் தாங்குகிறது. உட்கார்ந்து ஊதும் சோதனையை ‘ஓய்வு மூச்சளவை’ என இணையாகச் சொல்லவும் இடமளிக்கிறது. ‘இளைப்பு’ என்ற மக்கள் வழக்கோடும் இது ஒத்திசைகிறது. இளைத்தலுக்குச் சோர்தல், மெலிதல், மூச்சுவாங்குதல் என மூன்று பொருள்களும் உள. ஓய்வைத் தமிழ் ‘இளைப்பாறுதல்’ என்றே சொல்கிறது.

பஞ்சாலை, சட்டம், மூச்சு

கோவையில் 1888இல் ஸ்டேன்ஸ் தொடங்கிய நூற்பு நெசவாலையும், 1930களில் பைக்காரா மின்சாரம் வந்தபின் பெருகிய ஆலைகளும் இவ்வட்டாரத்தின் முகத்தை மாற்றின. பஞ்சுத் தூசியால் விளையும் மூச்சுநோய் ‘பிசினோசிஸ்’ எனப்படும். மெல்லிய நாரிழைத் துணியைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லிலிருந்து வந்த பெயர் இது. பஞ்சைப் பிரித்து உதறும் ப்ளோ ரூம், கார்டிங் பகுதிகளில் தூசி மிகுதி. வார விடுமுறைக்குப்பின் வேலைக்குத் திரும்பும் முதல் நாளில் நெஞ்சு இறுகுவது இதன் தொடக்கக் குறி. ஆங்கிலேயர் இதனைத் திங்கட்கிழமையின் பெயரால் அழைத்தனர். வார விடுமுறை ஞாயிறாக இல்லாத ஆலையில் அப்பெயரை அப்படியே மொழிபெயர்த்தால் நோய்க்குறியே தவறிப்போகும். இதுவும் ஒரு கலைச்சொற் சிக்கல்தான்.

1948ஆம் ஆண்டின் தொழிலாளர் அரசு காப்பீட்டுச் சட்டத்தின் மூன்றாம் அட்டவணை, பஞ்சு முதலான நார்களின் தூசியால் வரும் மூச்சுநோயைத் தொழில்நோயாக ஏற்றது. தமிழகத்தில் இத்திட்டம் 1955இல் முதலில் நடைமுறைக்கு வந்த ஊர் கோயம்புத்தூர். நிரந்தர ஊனத்துக்கான பயன், மருத்துவ வாரியம் கணிக்கும் சம்பாதிக்கும் திறன் இழப்பின் விழுக்காட்டைப் பொறுத்தது. இங்கே ‘கெப்பாசிட்டி’ என்ற ஒரே ஆங்கிலச் சொல் இருவேறு பொருளில் நிற்கிறது. ஹட்சின்சனுடையது கலத்தின் கொள்ளளவு. சட்டத்தினுடையது மனிதரின் திறன். முன்னதிலிருந்து பின்னதைக் கணிப்பதற்கு, இடையே உழைக்கும் திறன் என்றோர் அளவு தேவை. அதனைத் தருவது உழைப்பு மூச்சளவையே. கொள்ளளவு, திறன் என இரு சொற்களை வைத்திருக்கும் தமிழ், ஆங்கிலம் மறைத்த இவ்வேறுபாட்டை வெளிப்படையாகக் காட்டுகிறது.

அமெரிக்கத் தொராசிக் சங்கம் 1986இல் வெளியிட்ட வழிகாட்டலில் இதற்கொரு கணக்கு உண்டு. ஒருவர் தம் உச்ச உயிர்வளி ஏற்பில் ஏறத்தாழ 40 விழுக்காட்டை மட்டுமே நீண்டநேர வேலையில் சிரமமின்றிச் செலவிட முடியும். உச்ச அளவு உடல் எடையின் கிலோவுக்கு நிமிடத்திற்கு 25 மில்லிலிட்டருக்குமேல் இருந்தால் கடும் உழைப்பும் இயலும். 15க்குக் கீழ் எனில் பெரும்பாலான வேலைகள் இயலா. இடைப்பட்டவர்க்கு அவரவர் செய்யும் வேலையின் தேவையோடு ஒப்பிட்டே முடிவு சொல்ல வேண்டும். உச்ச அளவு 20 உள்ள ஒரு தொழிலாளியை எடுத்துக்கொள்ளலாம். அவருக்கு எளிதில் கிட்டுவது 8 மில்லிலிட்டர். அசையாது அமர்ந்திருக்கவே ஏறத்தாழ 3.5 வேண்டும்; மணிக்கு 3 கிலோமீட்டர் அளவில் மெல்ல நடப்பதற்கு 8க்குச் சற்று மேல் ஆகிவிடும். ரிங் ஃபிரேம் வரிசைகளுக்கிடையே அறுந்த இழையைத் தேடி ஷிப்ட் முழுவதும் நடப்பவருக்கு, அந்த நடையே எல்லையைத் தாண்டுகிறது. உட்கார்ந்து ஊதிய தாளில் இவ்வெண் இராது.