வணிக நெருக்கடிகளும் அவற்றின் காரணம் தேடியோரும்

1825 ஆம் ஆண்டு மார்கழி மாதத்தில் இலண்டன் மாநகரின் வங்கிகள் சில ஒன்றன்பின் ஒன்றாகக் கதவடைத்தன. நாட்டுப்புற வங்கிகள் பலவற்றுக்குத் தலைநகரில் முகவராய் விளங்கிய போல், தோண்டன் வங்கி வீழவே, அதனை நம்பியிருந்த சிறு வங்கிகளும் உடன் வீழ்ந்தன. சில கிழமைகளுள் அறுபதுக்கு மேற்பட்ட வங்கிகள் கொடுப்பனவை நிறுத்தின. இன்னும் இருபத்துநான்கு மணி நேரம் அந்நிலை நீடித்திருப்பின் நாடு பண்டமாற்று நிலைக்கே திரும்பியிருக்குமென அக்கால வர்த்தக அமைச்சர் ஹஸ்கிசன் கருதினார். வியப்பு யாதெனில், அவ்வாண்டில் இங்கிலாந்து எப்பெரும் போரினாலும் அலைக்கழிக்கப்படவில்லை. பஞ்சமோ கொள்ளைநோயோ அதனை வாட்டவுமில்லை. பண்டசாலைகள் நிறைந்திருந்தன. அவை நிறைந்திருந்தமையே துன்பத்தின் ஒரு கூறாயிற்று.

முற்கால மக்கள் அறிந்த துன்பம் இத்தகையதன்று. மழை பொய்த்தது, விளைவு குன்றியது, மக்கள் பசித்தனர் என்னும் வரலாறு எந்நாட்டவர்க்கும் பழகியதே. நெசவாலையில் துணி மலைபோற் குவிந்திருக்க, அதனை நெய்தவன் கந்தையுடுத்து வேலையின்றித் தெருவில் நிற்கும் காட்சி கைத்தொழிற் புரட்சியின் பின்னர் தோன்றிய புதுமையாகும்.

இப்புதுமைக்குக் கூறப்பட்ட முதற் காரணம் மனிதரின் பேராசை. அதற்குச் சான்றுகளும் மிகுதியாக இருந்தன. அரசாங்கம் தன் கடன்முறிகளின் வட்டியைக் குறைத்தமையாற் பணம் படைத்தோர் கூடிய ஊதியம் நாடி, அப்போதுதான் விடுதலை பெற்ற தென்னமெரிக்க நாடுகளின் முறிகளை வாங்கலாயினர். கிரெகர் மக்கிரெகர் என்பவன் ‘பொயாயிஸ்’ எனத் தானே கற்பித்த நாடொன்றின் பெயரால் 1822 இல் 200,000 பவுண் கடன் திரட்டினான். இல்லாத அந்நாட்டிற் குடியேற இருநூறுக்கு மேற்பட்டோர் கப்பலேறிச் சென்று, மத்திய அமெரிக்கக் கரையிற் காய்ச்சலாலும் பட்டினியாலும் பலர் மாண்டனர். ஆயினும், பேராசையும் வஞ்சமும் எக்காலத்தும் உள்ளவை. அவை பத்தாண்டுக்கொருமுறை மட்டும் ஒரு நாட்டையே வீழ்த்துவது ஏன் என்பதற்கு இவ்விளக்கத்தில் விடையில்லை.

பொருளியலறிஞரோ இத்தகைய பொது நெருக்கடி நிகழவே இயலாது என்றனர். பிரான்சியரான சே 1803 இல் வெளியிட்ட நூலில், ஒவ்வோர் உற்பத்தியும் பிறிதோர் உற்பத்திக்குக் கேள்வியைத் தோற்றுவிக்கும் எனக் காட்டினார். பண்டங்கள் பண்டங்களாலேயே வாங்கப்படுவதால் ஒரு பொருள் அளவுக்கு மிஞ்சலாம். எல்லாப் பொருளும் ஒருங்கே மிஞ்சுதல் இல்லை. றிக்காடோ இதனை ஏற்றார். மால்தஸ் மறுத்தார், ஆயினும் அவர் கண்ட பரிகாரம், உற்பத்தி செய்யாது செலவு மட்டுஞ் செய்யும் நிலப்பிரபுக்கள் நாட்டுக்கு இன்றியமையாதார் என்பதாய் முடிந்தது. அதனைக் கேட்டு நிலப்பிரபுக்கள் மகிழ்ந்திருக்கலாம்.

இக்கொள்கையின் வேரையே தாக்கியவர் ஜெனீவா நகரத்தவரான சிஸ்மொண்டி. இத்தாலியக் குடியரசுகளின் வரலாற்றைப் பதினாறு தொகுதிகளில் எழுதிய இவர் அடிப்படையில் வரலாற்றாசிரியர். 1803 இல் அடம் சிமித்தின் சீடராக நின்று ஒரு பொருளியல் நூலும் எழுதியிருந்தார். பதினாறு ஆண்டுகளின் பின், 1819 இல், அச்சீடரே குருவின் நெறியினின்றும் விலகிப் ‘பொருளியலின் புதிய தத்துவங்கள்’ என்னும் நூலை வெளியிட்டார். போட்டியின் நெருக்குதலால் ஒவ்வொரு முதலாளியும் கூலியைக் குறைத்துப் பொறிகளைப் பெருக்குகிறான்; அது அவனளவில் அறிவுடைமையே. ஆனால் ஒருவன் கொடுக்கும் கூலி மற்றொருவனின் சந்தையாகும். எல்லோரும் கூலியைக் குறைக்கின், எல்லோரும் பெருக்கிய பண்டத்தை வாங்குவார் யார்? தனியொருவர்க்குச் சரியான கணக்கு அனைவர்க்கும் ஒருங்கே பிழையாகும் என்னும் இவ்வுண்மையே சிஸ்மொண்டியின் பெருங் கண்டுபிடிப்பு. பொருளின் பெருக்கத்தையே நாட்டின் நலமெனக் கொண்ட றிக்காடோவை நோக்கி, மன்னர் ஒருவர் மட்டும் தீவில் எஞ்சியிருந்து ஒரு பிடியைச் சுழற்றிப் பொறிகளால் இங்கிலாந்தின் வேலை முழுவதையும் செய்விப்பாராயின் அதுவும் செல்வந்தானோ என அவர் நகையாடினார்.

1825 ஆம் ஆண்டின் பின் அவர் நூலுக்கு இரண்டாம் பதிப்பு வேண்டப்பட்டது. 1827 இல் வெளிவந்த அப்பதிப்பின் முன்னுரையில், இடையில் நிகழ்ந்தவை தம் கூற்றை மெய்ப்பித்தன என அவர் குறித்தார். எனினும் நோயை உணர்ந்த அளவுக்கு மருந்தை அவர் உணர்ந்தாரல்லர். சிறு விவசாயியும் கைவினைஞனும் வாழ்ந்த பழைய உலகையே அவர் ஏக்கத்துடன் திரும்பி நோக்கினார். அதனாலன்றோ 1848 இல் மாக்சும் எங்கெல்சும் அவரைச் சிறுமுதலாளிச் சமவுடைமையின் தலைவரெனச் சுட்டினர்.

1847 இல் நெருக்கடி மீண்டது. இம்முறை புகையிரதப் பாதைப் பங்குகளும் தானிய வாணிகமும் அதன் வாயில்களாயின. 1844 ஆம் ஆண்டு வங்கிச் சட்டம், குறித்த அளவுக்கு மேற்பட்ட நோட்டுக்கெல்லாம் பொன் ஈடாக இருத்தல் வேண்டுமென விதித்திருந்தது. நெருக்கடிகள் இனி நிகழா என்பதே அதனை இயற்றியோர் நம்பிக்கை. மூன்றாண்டு கழிந்த சிறிது காலத்தில் அச்சட்டத்தை மீறுவதற்கு அரசாங்கமே அனுமதி வழங்க நேர்ந்தது. 1857 இலும் 1866 இலும் அவ்வாறே.

அந்த ஆண்டின் அலை இலங்கைக் கரையையும் வந்து மோதியது. 1835 இற் கோப்பித் தீர்வை மேற்கிந்தியக் கோப்பியின் தீர்வையோடு சமமாக்கப்பட்டபின், கண்டிப் பிரதேசத்துக் காடுகள் ஏக்கருக்கு ஐந்து சிலிங் விலையில் விற்கப்பட்டன. அரசாங்க உத்தியோகத்தரும் படைத்தலைவருங்கூடத் தோட்டக்காரராயினர். இலண்டன் வணிக நிலையங்கள் கொடுத்த கடனே தோட்டங்களுக்கு உயிர்நாடி. அந்நிலையங்கள் தளர்ந்து, கோப்பி விலையும் சரியவே, பெரும்பொருள் செலவிட்டுத் திருத்திய தோட்டங்கள் அற்ப விலைக்கு ஏலம் போயின. தென்னிந்தியாவிலிருந்து மன்னார் வழியாகக் கால்நடையாய் வந்த கூலியாட்களின் கூலி நிலுவையாய் நின்றது. அரசாங்கத்தின் வருமானமும் குன்றியது.

தேசாதிபதி தொறிங்டன் பிரபு இதனை ஈடுசெய்த விதம் ஆராய்தற்குரியது. தோட்டத் துரைமாரின் பாரம் குறையும் வண்ணம் கோப்பி ஏற்றுமதித் தீர்வை 1848 இல் நீக்கப்பட்டது. அவ்வாண்டிலேயே துப்பாக்கிக்கும் நாய்க்கும் கடைக்கும் வரி விதிக்கப்பட்டது. ஆண்டில் ஆறு நாட்கள் தெருவேலை செய்தல் அல்லது அதற்கீடாகப் பணங் கொடுத்தல் என்னும் சட்டமும் வந்தது. இலண்டன் பங்குச் சந்தையைக் கனவிலுங் கண்டறியாத கண்டிக் கிராமத்தான், அச்சந்தையின் வீழ்ச்சிக்குத் தன் காவல் நாயின்மேல் வரி கொடுக்கலானான். ஆடி மாதத்தில் மாத்தளையிலும் குருநாகலிலும் கிளர்ச்சி மூண்டது. இராணுவச் சட்டம் பிரகடனம் செய்யப்பட்டு, புரன் அப்பு ஆவணி மாதத்திற் கண்டியிற் சுட்டுக் கொல்லப்பட்டான். பிரித்தானியப் பாராளுமன்றம் விசாரணை நடத்தியது. 1850 இல் தேசாதிபதி திருப்பியழைக்கப்பட்டார். நெருக்கடியை ஆராய்ந்த ஐரோப்பிய நூல்கள் பெரும்பாலும் கணக்கேட்டில் எழுதாது விட்ட பகுதி இது.

1857 ஆம் ஆண்டு நெருக்கடி நியூயோர்க்கில் மூண்டு, இலண்டன், ஹம்பேர்க் நகரங்களிலும் பரவியது. அப்போது இலண்டனில் வறுமையில் வாடிய காள் மாக்ஸ், புரட்சி வருமுன் தம் ஆராய்ச்சியை முடித்துவிட வேண்டுமென இரவுகள்தோறும் விழித்திருந்து குறிப்பேடுகளை நிரப்பினார். புரட்சி வரவில்லை; ஓராண்டுள் வாணிகம் தலைநிமிர்ந்தது. இவ்வேமாற்றம் அவர் சிந்தனைக்கு நன்மையே செய்தது. நெருக்கடி முதலாளித்துவத்தை அழிப்பது மட்டுமன்று. பயனற்ற மூலதனத்தின் பெறுமதியை அழித்து, கூலியைத் தாழ்த்தி, அடுத்த செழிப்புக்கு நிலத்தைப் பண்படுத்துவதும் அதுவே என்னும் கருத்து அவர் எழுத்தில் உறுதி பெற்றது. பொறிகள் தேய்ந்து புதுப்பிக்கப்படும் காலவட்டத்தோடு பத்தாண்டு முறையை அவர் இயைத்துப் பார்த்தார். ஆனால் நெருக்கடிக்கென முழுமையான கோட்பாடொன்றை அவர் எழுதி முடித்தாரல்லர். அவர் மறைந்தபின் எங்கெல்ஸ் பதிப்பித்த தொகுதிகளிற் சிதறிக்கிடக்கும் குறிப்புகளைக் கொண்டே பிற்காலத்தவர் வாதிட்டு வருகின்றனர்.

மருத்துவக் கல்வி பெற்றவரான பிரான்சிய அறிஞர் யுக்லார், 1862 இல் வங்கிக் கணக்குகளை ஒப்புநோக்கி, நெருக்கடியின் வித்து முந்திய செழிப்பிலேயே உள்ளதென முடிவுசெய்தார். முதலாளித்துவத்தின் பகைவரல்லாத ஒருவர் இம்முடிவுக்கு வந்தமை கருதத்தக்கது. ஆங்கிலேயரான ஜெவன்சோ காரணத்தை வானிலே தேடினார். சூரியனிலுள்ள கரும்புள்ளிகள் ஏறத்தாழப் பத்தரை ஆண்டுக்கொருமுறை பெருகிக் குறைகின்றன. அதனால் இந்தியாவில் விளைவு குன்றுகிறது. இந்தியர் துணி வாங்காராகவே மஞ்செஸ்ரர் தளர்கிறது என 1878 இல் அவர் வாதிட்டார். சென்னை மாகாணத்திலும் பிற இடங்களிலும் இலட்சக்கணக்கானோர் பஞ்சத்தால் மடிந்த காலம் அது. பஞ்ச காலத்திலும் இந்தியத் துறைமுகங்களிலிருந்து தானியம் ஏற்றுமதியாகியது; அதற்குக் கரும்புள்ளி காரணமாகாது.

1929 ஆம் ஆண்டின் பெருமந்தத்தின் பின்னரே சேயின் கொள்கை பல்கலைக்கழகங்களிற் செல்வாக்கிழந்தது. 1936 இல் கெயின்ஸ், மால்தசைத் தம் முன்னோடியெனப் போற்றினார். அரசாங்கச் செலவினால் நெருக்கடியை அடக்கிவிடலாமென்னும் நம்பிக்கை அடுத்த முப்பதாண்டுகளில் ஓங்கிநின்றது. 2007 ஆம் ஆண்டு புரட்டாதியில் ‘நோதேண் றொக்’ வங்கியின் வாயில்களிற் பணம் மீட்கச் சனங்கள் வரிசையாய் நின்றனர். மறு ஆண்டில் நியூயோர்க்கின் ‘லீமன் பிறதர்ஸ்’ வீழ்ந்தது. அவ்வாண்டு கார்த்திகையில் இலண்டன் பொருளியற் கல்லூரிக்குச் சென்ற எலிசபெத் மகாராணியார், இதனை எவரும் முன்னுணராதது ஏன் என வினவினார். பிரித்தானிய அக்கடமி 2009 ஆடியில் எழுத்திலே விடையனுப்பியது. உள்நாட்டிலும் பிறநாட்டிலுமுள்ள அறிவாளர் பலர், தத்தம் பணியைச் செவ்வனே செய்திருந்தும், முழு அமைப்புக்கும் நேரக்கூடிய ஆபத்தைக் கூட்டாகக் கற்பனை செய்யத் தவறினர் என்பதே அவ்விடை.