ஆறடி மனிதன்

பிரெஞ்சுப் பள்ளியில் எங்கள் கணக்கு வாத்தியார் தங்க எண் 1.618 பற்றிச் சொல்லும்போது குரலே மாறிவிடும். சென்ற வாரம் லெ கொர்புசியேவின் ‘மொதுலோர்’ புத்தகத்தை மறுபடி எடுத்தபோது அவர் நினைவு வந்தது.

1943. பாரீஸ் ஜெர்மானியர் பிடியில். கட்டட வேலை கிடையாது. போர் முடிந்தால் ஏராளமான வீடுகள் கட்ட வேண்டிவரும் என்று, மனித உடம்பையும் தங்க எண்ணையும் சேர்த்து ஒரு அளவுகோல் தயாரிக்க முனைந்தார் கொர்புசியே. முதலில் மனிதனின் உயரம் 175 செ.மீ. அது அடி, அங்குலக் கணக்கில் ஒத்துவரவில்லை. ஆங்கிலத் துப்பறியும் நாவல்களில் வரும் வாட்டசாட்டமான போலீஸ்காரர் எப்போதும் ஆறடிதானே என்று பேச்சு வர, 183 ஆக்கிவிட்டார்கள். இதை அவரே எழுதியிருக்கிறார்!

கணக்கு அழகானதுதான். 43, 70, 113, 183: முந்தைய இரண்டைக் கூட்டினால் அடுத்தது. தொப்புள் 113, தூக்கிய கை 226. மார்செய் நகரில் 1952-ல் முடிந்த அவருடைய அடுக்குமாடி வீடுகளில் கூரை உயரம் அதே 226. அந்த அளவுகளோடுதான் சண்டிகருக்கும் வந்தார்.

நானும் டேப் எடுத்து அளந்தேன். உயரம் 160, தொப்புள் 96. வகுத்தால் 1.67. தங்கம் கொஞ்சம் மாற்றுக் குறைவு. “என்னங்க, இந்த வயசுல தொப்புளையெல்லாம் அளந்துகிட்டு” என்றாள் வீட்டுக்காரி. அவள் உயரம் 148. அந்தப் புத்தகத்தில் அவளுக்கு அளவே இல்லை.

எனக்கு இது வெறும் வேடிக்கை இல்லை. வேலை பார்த்த ஒரு அலுவலகத்தில் பதிவேடுகள் ஆறடி மனிதனுக்கு எட்டும் தட்டில் இருந்தன. ஸ்டூல் மேல் ஏறி விழுந்து இடது மணிக்கட்டு முறிந்தது. மழைக்காலத்தில் இன்றும் வலிக்கும்.

நம்மூர் பிரெஞ்சு ஆய்வு நிறுவனம் 1970-களில் புருனோ தாழான் மொழிபெயர்ப்போடு ‘மயமதம்’ வெளியிட்டது. அதிலும் அங்குலம் உண்டு. எட்டு யவ தானியம் சேர்ந்தது ஒரு வகை. நடுவிரலின் நடுக்கணு இன்னொரு வகை. சிலைக்கென்றால், அந்தச் சிலையின் உயரத்தையே 124 பங்காக்கி அதில் ஒன்றை அங்குலமாகக் கொள்வார்கள். உருவம் மாறினால் கோலும் மாறும். நிலையான ஆறடிக்காரர் யாரும் அங்கே இல்லை.

என் நடுக்கணு 2.5 செ.மீ. புது புத்தக அலமாரிக்கு மேல்தட்டு 76 விரல், அதாவது 190 செ.மீ., என்று தச்சரிடம் சொன்னேன். ஒரு மாதிரிப் பார்த்துவிட்டுக் குறித்துக்கொண்டார். இப்போது ஸ்டூல் இல்லாமலே எடுக்கிறேன்.