ராஜாங்கம் அஞ்சிய மரச்சட்டம்

நம் ஊர் மைதானங்களில் சிங்கிள் பார் என்றும் டபுள் பார் என்றும் வழங்கும் சாதனங்கள் ஒரு காலத்தில் ஒரு ராஜாங்கத்தையே கலங்கவைத்தவை என்றால், அவற்றில் அன்றாடம் தொங்கிப் பழகும் வாலிபர்கள் நம்புவார்களோ, என்னவோ.

1806-இல் யேனா போர்க்களத்தில் நெப்போலியனிடம் பிரஷ்யா அடைந்த படுதோல்வியை மறக்கமாட்டாத பிரீட்ரிக் லூட்விக் யான் என்ற உபாத்தியாயர், 1811-ஆம் வருஷம் பெர்லின் நகருக்கு வெளியே ஹாசன்ஹைடே என்னும் திறந்த வெளியில் மாணாக்கர்களைக் கூட்டித் தேகாப்பியாசம் தொடங்கினார். குறுக்கே பொருத்திய மரச்சட்டத்தைப் பற்றித் தொங்கி, மோவாய் அதற்கு மேலே வரும்வரை உடலை இழுப்பதும், முழங்காலை மடித்து மாட்டிக்கொண்டு ஒரு சுழற்சியில் சட்டத்தின்மேல் ஏறி அமர்வதும் அங்கே பாடம். செல்வர் வீட்டுப் பிள்ளையும் எளியவன் பிள்ளையும் சாயமேறாத ஒரே முரட்டு லினன் உடை தரித்து, ஒருவரையொருவர் ‘நீ’ என்றே அழைத்தார்கள். யானுடைய தேசபக்தியில் பிரெஞ்சுக்காரர்மீதும் யூதர்மீதும் துவேஷம் கலந்திருந்ததை மறைப்பதற்கில்லை. ஆயினும் மந்திரிகளை அச்சுறுத்தியது அதுவன்று, ஜெர்மானிய நாடுகள் ஒன்றாகவேண்டும் என்று பேசும் இளைஞர் கூட்டம் உடல்வலிமையும் பெற்றுவருகிறதே என்பதுதான்.

1819-இல் கோட்ஸெபூ என்ற நாடகாசிரியரைக் குத்திக் கொன்ற கார்ல் ஸாண்ட் என்னும் மாணவன் இந்த அப்பியாசத்தில் ஈடுபட்டவன் என்பது ராஜாங்கத்துக்கு நல்ல சாக்காயிற்று. அவ்வருஷமே யான் சிறைப்பட்டார். மறுவருஷம் மைதானங்கள் மூடப்பட்டன. தடை நீங்கியது 1842-இல்தான்.

இவற்றைவிட எனக்கு ரசமாகப் படுவது அதன்பின் மூண்ட சண்டை. பெர்லினில் ஆசிரியர்களுக்கு அப்பியாசம் கற்பித்த அரசாங்கக் கழகத்தின் தலைவரான ரோத்ஸ்டைன் என்ற ராணுவ அதிகாரி, ஸ்வீடன் தேசத்து லிங் என்பவரின் அப்பியாச முறையில் மோகங்கொண்டு, டபுள் பார் தேகத்துக்குக் கெடுதல் என்று அதை ஒதுக்கிவிட, வைத்திய நிபுணர்கள் இரு கட்சியாகப் பிரிந்து வாதாடினார்கள். நரம்புகளில் ஓடும் மின்சாரத்தை ஆராய்ந்து புகழ்பெற்ற டூ புவா-ரேமோன், தாமே அப்பியாசப் பிரியராகையால், டபுள் பாருக்காகப் பேனா பிடித்தார். ரோத்ஸ்டைன் 1863-இல் பதவி விலகினார். டபுள் பார் பள்ளிக்கூடங்களில் நிலைத்தது.

1896-இல் ஏதென்ஸ் நகரில் நடந்த ஒலிம்பிக் பந்தயத்தில் இரண்டு பார்களிலும் முதலிடம் பெற்றவர்கள் ஜெர்மானியரே. சிங்கிள் பாரில் வென்றவர் ஹெர்மன் வைன்கார்ட்னர். டபுள் பாரில் வென்ற ஆல்பிரட் பிளாட்டோவோ யூதர்.