மதுரையில் பிறந்த சிங்களப் பேசும்படம்

அண்டை நாட்டாரின் கலை வளர்ச்சியை ஆராயப் புகுந்தால், அங்கே நம்மவர் கைவண்ணமும் கலந்திருக்கக் காண்கிறோம். சிங்களத் திரைப்படம் இதற்கு நல்லதொரு சான்றாகும்.

சிங்களத்தின் முதற் பேசும்படமாகிய 'கடவுணு பொரொந்துவ' 1947 ஜனவரி 21-ஆம் நாள் கொழும்பில் வெளியாயிற்று. 'தவறிய வாக்குறுதி' என்பது அதன் பொருள். ஜயமான்ன சகோதரர்கள் மேடையில் நடத்திவந்த நாடகமே படமாயிற்று. ஆயினும், அது உருவான இடம் இலங்கையன்று; நம் மதுரை! அங்கிருந்த சித்திரகலா மூவிடோன் ஸ்டூடியோவில் எஸ். எம். நாயகம் என்னும் தமிழர் அதனைத் தயாரித்தார். கதாநாயகி ருக்மணி தேவியின் இயற்பெயர் டெய்சி ராசம்மா டானியல்ஸ் என்பதாம்.

தொடக்கக் காலப் படங்கள் பலவும் தென்னிந்திய ஸ்டூடியோக்களிலேயே உருவாயின. ஆகவே பாட்டும் ஆட்டமும் காட்சியமைப்பும் தமிழ்ப் படங்களையே ஒத்திருந்தன. மொழி மட்டும் சிங்களம். சிங்கள நாட்டுப்புறம் அதில் இல்லை. இக்குறையைப் போக்கியவர் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ். 1956-இல் வெளிவந்த 'ரேகாவ' படத்திற்காக அவர் காமிராவை ஸ்டூடியோவை விட்டுக் கிராமத்திற்கே கொண்டு சென்றார். மார்ட்டின் விக்கிரமசிங்கவின் நாவலைத் தழுவிய அவரது 'கம்பெரலிய' 1965-இல் புது டில்லித் திரைப்பட விழாவில் தங்க மயில் விருது பெற்றது.

சித்திரக் கதையும் உடன் வளர்ந்தது. ஜி. எஸ். பெர்னாண்டோ வரைந்த 'நீலா' 1951-இல் 'லங்காதீப' இதழில் வெளிவந்தது. எழுபதுகளில் சித்திரக் கதைக்கென்றே வார இதழ்கள் தோன்றின. கமிலஸ் பெரேரா படைத்த 'கஜமன்' என்னும் நகைச்சுவைப் பாத்திரம் 2023-இல் முப்பரிமாணச் சித்திரப் படமாகவும் வெள்ளித்திரை ஏறியது.

இவ்வரலாற்றில் துயரமும் உண்டு. பீரிஸின் 'சந்தேசய' படத்தைத் தயாரித்த கே. குணரத்தினம் ஒரு தமிழர். ஹெந்தளையிலிருந்த அவருடைய விஜயா ஸ்டூடியோ 1983 ஜூலைக் கலவரத்தில் தீக்கிரையாயிற்று. சிங்களப் படங்களை இயக்கிய கே. வெங்கட் அக்கலவரத்திலேயே கொல்லப்பட்டார். தமிழர் உடைமையென்று இட்ட தீயில் சிங்களப் படச்சுருள்களும் வெந்தன. யாருடைய செல்வம் அழிந்தது?

பிறமொழியாளரிடையே வாழும் நாம் இதனை எண்ணிப் பார்த்தல் வேண்டும். முதற்படத்திற்கு இடமளித்தது நமக்குப் பெருமையே. எனினும், அக்கலை தன் மண்ணைத் தானே கண்டுகொண்டபோதுதான் உலகம் அதனைப் போற்றியது. இவ்விரண்டையும் நம் குழந்தைகளுக்குச் சேர்த்தே சொல்லுவோமாக.