பிள்ளைகளுக்கு மரணத்தைச் சொன்ன நூல்கள்



புறநானூற்றின் 112ஆம் பாடலைப் பாரி மகளிர் பாடினர் என்பதை நமது மாணவர்கள் அறிவார்கள். ஒரு மாதத்துக்கு முன் தந்தையும் இருந்தான், குன்றும் இருந்தது. இன்று அதே நிலவு வந்திருக்கிறது, அவை இரண்டும் இல்லை என்பதே அப்பாடலின் பொருள். திணை பொதுவியல், துறை கையறுநிலை. சில ஆண்டுகளுக்கு முன் இதனை ஒரு வகுப்பிற் படிப்பித்துக்கொண்டிருந்தேன். துறை என்ன என்று கேட்டபோது பின்வரிசையிலிருந்த மாணவன் ஒருவன் எழுந்து சரியாக விடை சொன்னான். "சரி, இரு" என்றேன். அவனுடைய தகப்பனாரின் அந்தியேட்டி முடிந்து ஒரு கிழமைகூட ஆகவில்லை. அது எனக்குத் தெரியும். தெரிந்திருந்தும் நான் அவனிடம் கேட்டது துறையைத்தான்.

மணி அடித்த பின் அவன் என் மேசையடிக்கு வந்தான். "சேர், அவை ரெண்டு பேர். சேர்ந்து அழுதிருக்கினம். என்ரை தங்கச்சிக்கு நாலு வயசு. செத்தவீட்டண்டைக்கு அவளை மாமி வீட்டிலை கொண்டுபோய் விட்டவை. அப்பா கொழும்புக்குப் போயிருக்கிறார் எண்டுதான் சொல்லி வைச்சிருக்கு. பின்னேரத்திலை படலையடியிலை போய் நிக்கிறாள். நான் அவளுக்கு என்ன சொல்ல?" என்று கேட்டான். தமிழ் படித்துப் பட்டம் பெற்ற எனக்கு விடை தெரியவில்லை. அதனைத் தேடியபோது நான் கற்றுக்கொண்ட ஒரு வரலாற்றையே இன்று சொல்ல விரும்புகின்றேன். அது மேலைநாட்டுச் சிறுவர் இலக்கியம் மரணத்தோடு நடத்திய முந்நூற்றைம்பது ஆண்டுப் பழக்கத்தின் வரலாறு.

சிறுவருக்கென்றே ஆங்கிலத்தில் எழுதப்பட்ட ஆரம்பகால நூல்களுள் ஒன்று மரணத்தைப் பற்றியது என்றால் நமக்கு வியப்பாக இருக்கும். லண்டனிலே பியூரிட்டன் சமயப் போதகராக இருந்த ஜேம்ஸ் ஜேன்வே என்பவர் 1671, 1672ஆம் ஆண்டுகளில் இரண்டு பகுதிகளாக வெளியிட்ட அந்நூலின் பெயர் 'பிள்ளைகளுக்கு ஓர் அடையாளம்'. பதின்மூன்று பிள்ளைகள் பக்தியோடு வாழ்ந்து மகிழ்ச்சியோடு இறந்த கதைகள் அதில் உள்ளன. 1665ஆம் ஆண்டின் கொள்ளைநோயை லண்டன் நகரம் கண்டு ஆறு ஆண்டுகளே ஆகியிருந்தன. பிறந்த பிள்ளைகளிற் பலர் வளர்ந்து ஆளாவதில்லை என்பது அக்காலத்து வீடுகள் எல்லாம் அறிந்த உண்மை. ஆகவே ஜேன்வேயின் நூல் 'உன் தம்பி இறந்துவிட்டான்' என்று சொல்லவில்லை. 'நீயும் இறக்கலாம், ஆயத்தமாயிரு' என்று சொன்னது. நமக்கு அது கொடுமையாகத் தோன்றும். அவருக்கோ பிள்ளையை நரகத்திலிருந்து காப்பாற்றும் அன்பாகவே தோன்றியது. 1700ஆம் ஆண்டில் கொட்டன் மாதர் என்ற போதகர் அமெரிக்காவின் பொஸ்ரன் நகரில் தமது நாட்டுப் பிள்ளைகளின் கதைகளைக் கொண்டு இதே வழியில் ஒரு நூலை வெளியிட்டார்.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்திலும் இந்த நோக்கு மாறவில்லை. மேரி மார்த்தா ஷேர்வூட் என்னும் ஆங்கில மாது 1818இல் வெளியிட்ட 'பெயார்சைல்ட் குடும்பம்' என்ற நூலில் ஒரு காட்சி உண்டு. தம்முள் சண்டையிட்ட பிள்ளைகளைத் தகப்பன் கூட்டிச்சென்று, சகோதரனைக் கொன்றவன் ஒருவனுடைய உடல் தூக்குமரத்திலே தொங்குவதைக் காட்டுகிறார். பிற்காலப் பதிப்புகளில் இக்காட்சி நீக்கப்பட்டது. ஆனால் இந்த அம்மையாரைக் கல்மனத்தவர் என்று ஒதுக்கிவிட முடியாது. கணவரோடு இந்தியாவில் வாழ்ந்த காலத்தில் ஹென்றி, லூசி என்ற தம் குழந்தைகளை அவர் அங்கேயே மண்ணுக்குக் கொடுத்தவர். 1814இல் வெளிவந்த 'சின்ன ஹென்றியும் அவன் பணியாளும்' என்ற அவருடைய கதையில் எட்டு வயதிலே இறக்கும் சிறுவனுக்குத் தம் மகனின் பெயரையே வைத்தார். பல மொழிகளுக்குச் சென்ற அக்கதை சிங்களத்திலும் பெயர்க்கப்பட்டது. போதனைக்குப் பின்னால் ஒரு தாயின் துயரம் மறைந்திருந்தது. ஆனால் அத்துயரத்தைத் துயரமாகச் சொல்ல அக்காலம் அவருக்கு இடம்கொடுக்கவில்லை.

அந்த இடம் மெல்ல மெல்லவே உண்டாயிற்று. 1845இல் டென்மார்க்கின் அன்டர்சன் எழுதிய தீக்குச்சி விற்ற சிறுமியின் கதை, குளிரிலே இறந்த ஏழைப் பிள்ளைக்காக வாசகரை அழவைத்தது. அமெரிக்காவின் லூயிசா மே அல்கொட், 1858இல் இறந்த தம் தங்கை எலிசபெத்தை நினைந்தே 'சின்னப் பெண்கள்' நாவலின் பெத் என்னும் பாத்திரத்தைப் படைத்தார். 1869இல் வெளிவந்த இரண்டாம் பகுதியிலே பெத் இறக்கிறாள். பின் அக்காவாகிய ஜோ வெறுமையான வீட்டில் எவ்வாறு வாழ்கிறாள் என்பதையும் ஆசிரியர் சொல்கிறார். இறப்பவரைவிட்டு இருப்பவரிடம் கதை திரும்பிய இடங்களுள் இது முக்கியமானது.

இருபதாம் நூற்றாண்டிலே நிலைமை தலைகீழாயிற்று. மருத்துவம் வளர்ந்தது, பிள்ளைகளின் இறப்பு குறைந்தது. முதியவர்கள் வீட்டுக் கட்டிலில் அன்றி ஆஸ்பத்திரிக் கட்டிலில் இறந்தனர். மரணம் பிள்ளைகளின் கண்ணிலிருந்து மறைந்தது. புத்தகங்களிலிருந்தும் பெருமளவில் மறைந்தது. முற்காலத்தவர் பாலியலைப் பற்றி வாய்திறக்கக் கூசியது போல இக்காலத்தவர் மரணத்தைப் பற்றிப் பேசக் கூசுகின்றனர் என்று 1955இல் எழுதினார் ஆங்கில மானிடவியலாளர் ஜெப்ரி கோரர்.

ஆனால் பெரியவர்கள் பேசாவிட்டாலும் பிள்ளைகள் யோசிக்காமல் இருந்தார்களா? ஹங்கேரியின் மரியா நாகி என்னும் உளவியலாளர், புடாபெஸ்ற் நகரிலும் அதன் சுற்றுப்புறத்திலும் மூன்று முதல் பத்து வயது வரையான 378 பிள்ளைகளை ஆராய்ந்து 1948இல் முடிவுகளை வெளியிட்டார். ஐந்து வயதுக்குட்பட்ட பிள்ளை மரணத்தை ஒரு பயணமாகவோ உறக்கமாகவோ கொள்கிறது. போனவர் திரும்பலாம் என நம்புகிறது. ஐந்துக்கும் ஒன்பதுக்கும் இடையில் மரணத்தை ஓர் ஆளாக, பிடித்துப்போகும் ஒருவனாகக் கருதுகிறது. ஒன்பது வயதளவிலேயே அது எல்லார்க்கும் வரும் முடிவு என்று விளங்கிக்கொள்கிறது. பின்வந்தோர் இந்த வயதெல்லைகளைத் திருத்தியிருக்கின்றனர். இன்னும் இளவயதிலேயே பல பிள்ளைகள் விளங்கிக்கொள்வதைக் காட்டியிருக்கின்றனர். ஆயினும் அவர் சொன்ன முதல் நிலையை வாசித்தபோது எனக்குப் படலையடியில் நிற்கும் அந்தப் பிள்ளைதான் நினைவுக்கு வந்தாள். பயணம் போயிருக்கிறார் என்று சொன்னவர்கள் அவளுடைய தவறான நம்பிக்கையை உறுதிப்படுத்தியிருந்தார்கள்.

மௌனத்தைக் கலைத்த நூல்களுள் மிக எளியது மார்கிரெட் வைஸ் பிறவுண் எழுதிய 'இறந்த பறவை'. 1938இல் ஒரு தொகுப்பிலே வெளிவந்த இக்கதை, ஆசிரியர் இறந்து ஆறு ஆண்டுகளின் பின், 1958இல் ரெமி சார்லிப்பின் சித்திரங்களோடு தனிநூலாயிற்று. விளையாடப் போன பிள்ளைகள் இறந்த பறவை ஒன்றைக் காண்கின்றனர். உடலிலே சூடு இருக்கிறது, இதயம் துடிக்கவில்லை. சற்று நேரத்தில் அது குளிர்ந்து விறைக்கிறது. பெரியவர் செய்வதைப் போலத் தாமும் குழி தோண்டி, பூ வைத்து, பாட்டுப் பாடி அடக்கம் செய்கின்றனர். மறந்துபோகும் வரை தினமும் வந்து பூ வைக்கின்றனர். போதனை எதுவும் இல்லை. மரணம் என்றால் உடலில் என்ன நிகழ்கிறது என்பதையும், இருப்பவர் என்ன செய்யலாம் என்பதையும் மட்டும் கதை சொல்லிவிடுகிறது.

1952இல் வெளிவந்த ஈ. பி. வைற்றின் 'சார்லற்றின் வலை' இதனினும் பெரிய முயற்சி. தாம் வளர்த்த பன்றி நோயுற்று இறந்ததை, அதனைக் காப்பாற்ற முடியாமற் போனதை, 1948இல் அவர் ஒரு கட்டுரையாக எழுதியிருந்தார். நாவலில் பன்றியைக் காப்பாற்றிவிட்டார். காப்பாற்றிய சார்லற் என்னும் சிலந்தியோ தன் ஆயுள் முடிந்து, சந்தைத் திடலிலே தனியாக இறக்கிறது. அதன் முட்டைப் பையைப் பன்றி வாயிற் சுமந்து வீடு கொண்டுவருகிறது. குஞ்சுகளிற் பெரும்பாலானவை காற்றிலே பறந்துபோக மூன்று மட்டும் தங்குகின்றன. அவற்றை அது நேசிக்கிறது. ஆனால் சார்லற்றின் இடத்தை அவை நிரப்பவில்லை. வானொலி நேயர்கள் அறியவேண்டிய செய்தி ஒன்றும் உண்டு. 1970இல் வைற் தம் சொந்தக் குரலில் இந்நூலை ஒலிப்பதிவு செய்தபோது, சிலந்தி இறக்கும் பகுதியை அழாமல் வாசித்து முடிக்கப் பதினேழு தடவை முயல வேண்டியிருந்ததாம். அதன் தயாரிப்பாளர் சொன்ன செய்தி இது. அக்கதையை எழுதி அப்போது பதினெட்டு ஆண்டுகள் ஆகியிருந்தன.

1970களில் வழி நன்றாகத் திறந்தது. யூடித் வையோர்ஸ்ற் 1971இல் எழுதிய கதையில், பூனையை இழந்த சிறுவனிடம் அதைப் பற்றிய பத்து நல்ல விடயங்களை நினைக்கும்படி தாய் சொல்கிறாள். அவனுக்கு ஒன்பதுதான் கிடைக்கிறது. பூனை மோட்சத்தில் இருக்கிறதா, மண்ணில் இருக்கிறதா என்று பிள்ளைகள் வாதிடும்போது தகப்பன் தமக்குத் தெரியாததைத் தெரிந்ததாகச் சொல்லவில்லை. பூக்கள் வளர மண்ணுக்குள் அது உதவுகிறது என்பதே பத்தாவது. 1977இல் கதரின் பற்றர்சன் எழுதிய 'ரெரபித்தியாவுக்கு ஒரு பாலம்' உண்மைத் துயரிலிருந்து பிறந்தது. அவருடைய மகனின் எட்டு வயதுத் தோழி 1974இல் மின்னல் தாக்கி இறந்தாள். நூல் 1978இல் நியூபெரி விருது பெற்றது. 1990களில் அமெரிக்க நூலகங்களில் மிகுந்த எதிர்ப்புக்குள்ளான நூல்களின் பட்டியலிலும் அது இடம்பெற்றது. பிள்ளைகளுக்கு இது வேண்டாம் என்று சொல்லும் பெற்றோர் எங்கும் உண்டு.

தொலைக்காட்சியும் இதிற் பங்குகொண்டது. 'செசமி ஸ்றீற்' நிகழ்ச்சியிலே கடைக்காரராக நடித்த வில் லீ 1982 டிசெம்பரில் இறந்தார். அவர் வேறு ஊருக்குப் போய்விட்டார் என்று சொல்லிவிடலாமா எனத் தயாரிப்பாளர்கள் யோசித்தனர். பின்னர் உண்மையையே சொல்வதென முடிவு செய்து, 1983 நவம்பர் 24ஆம் திகதி, பெற்றோர் வீட்டிலிருக்கும் விடுமுறை நாளில் ஒளிபரப்பினர். அடுத்த ஆண்டு அது சிறுநூலாகவும் வந்தது.

இந்த நூற்றாண்டின் இரு நூல்களையும் குறிப்பிடவேண்டும். கவிஞர் மைக்கேல் றோசன், 1999இல் பதினெட்டு வயது மகனை இழந்தவர். 2004இல் வெளிவந்த தமது துயர நூலில், பெரியவர்களும் அழுகையை மறைத்துக்கொண்டு சிரிக்கிறார்கள் என்பதைப் பிள்ளைகளிடம் ஒப்புக்கொள்கிறார். ஜெர்மனியின் வோல்ஃப் ஏர்ல்புரூக் 2007இல் வெளியிட்ட 'வாத்து, மரணம், ரியூலிப்' என்ற சித்திரக்கதையில் மரணம் ஒரு தோழனாக வாத்தோடு குளத்திலே நீந்துகிறது. இறுதியில் வாத்தின் உடலை ஆற்றிலே விட்டு, மேலே ஒரு பூவை வைத்து, அது போவதைப் பார்த்து நிற்கிறது.

மரணத்தோடு பிள்ளை பேசுவது நமக்குப் புதிதன்று. கடோபநிடதத்தின் நசிகேதன் யமனின் வாசலிலே மூன்று இரவு காத்திருந்தான். செல்வங்களைக் காட்டி யமன் பேச்சை மாற்றப் பார்த்தபோதும் தன் கேள்வியை விடவில்லை. நாம்தான் யமனைப் போலப் பிள்ளைக்கு இனிப்பும் பொம்மையும் கொடுத்துக் கேள்வியை மாற்றுகிறோம்.

அந்த மாணவனுக்கு நான் சொன்னது இறந்த பறவையின் கதையைத்தான். கவனமாகக் கேட்டுவிட்டு, "பிறகு மறந்து போச்சினமோ, சேர்?" என்றான். "நாளாக நாளாக" என்றேன். "அது பிழையில்லையோ?" என்று கேட்டான். பிழையில்லை என்றேன். முதலில் அம்மாவோடு கதை என்று சொல்லி அனுப்பினேன். இரண்டு கிழமை கழித்து வந்தான். அம்மாவே தங்கைக்குச் சொன்னாவாம். அன்றிரவு முழுதும் அவள் அழுதாளாம். "இப்ப படலைக்குப் போறேல்லை, சேர். காலமை எழும்பி அப்பாவின்ரை படத்துக்குப் பூ ஆய்ஞ்சு வைக்கிறாள்" என்றான்.

மறு ஆண்டு பாரி மகளிர் பாடலைப் படிப்பித்தபோது துறையைக் கடைசியிற்றான் கேட்டேன்.